வண்டிக்கு எடை உண்டு

(பினாங்கு, ஜார்ஜ் டவுனில் திரைப்பட ஆர்வலர்களிடையே ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



'குருவி' படத்தைப் பார்க்காதவர்கள் இந்த அரங்கில் குறைவாகத்தான் இருப்பீர்கள். 2008இல் வந்தது. கதையின் ஒரு பகுதி நம் மலேசியாவிலேயே நடக்கிறது. அதில் ஒரு கார் பந்தயம் வரும். பாதிப் பந்தயத்தில் ஆக்சிலேட்டர் ஒயர் அறுந்துவிடும். கதாநாயகன் விஜய் அந்த ஒயரைப் பல்லில் கடித்து இழுத்துக்கொண்டே ஓட்டி ஜெயித்துவிடுவார். தியேட்டரில் விசில் பறந்தது. நானும் ரசித்தவன்தான், விஜய் ரசிகர்கள் கோபித்துக்கொள்ள வேண்டாம். ஆனால் அந்தக் காட்சியில் யாருக்காவது பயம் வந்ததா? வந்திருக்காது. பல்லால் கார் ஓட்டத் தெரிந்த ஆளுக்கு எந்த வளைவில் என்ன ஆகிவிடப் போகிறது?

பயம் வருகிற காட்சிகளைப் பற்றிப் பேசத்தான் இன்று வந்திருக்கிறேன். நிஜச் சாலையில், நிஜ வண்டியை, ஒரு மனிதர் தன் கையால் ஓட்டி எடுத்த சேசிங் காட்சிகள். என் கட்சி எளிமையானது. காருக்கு எடை இருக்கிறது. டயருக்குப் பிடிமானம் ஓரளவுக்குத்தான். பிரேக் மிதித்தாலும் வண்டி நிற்பதற்குக் கொஞ்சம் தூரம் வேண்டும். இவ்வளவும் திரையில் தெரிந்துவிட்டால் சேசிங் நம் சட்டையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போகும். தெரியாவிட்டால், எத்தனை கார் வெடித்தாலும் கையிலிருக்கும் பாப்கார்ன் தீர்வதுதான் மிச்சம்.

இங்கே பெரும்பாலோர் காரோ மோட்டாரோ ஓட்டுகிறவர்கள். மழை நாளில் பாயா தெருபோங் மலைச் சாலையில் இறங்கும்போது பின்சக்கரம் ஒரு நொடி வழுக்கினால் அடிவயிற்றில் என்ன செய்யும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. நல்ல சேசிங் எடுக்கிறவருக்கு அந்த அடிவயிறுதான் மூலதனம்.

இந்த வகைக்கு எல்லோரும் முதலில் காட்டுகிற படம் 1968இல் வந்த 'புல்லிட்'. பீட்டர் யேட்ஸ் இயக்கியது. சான் பிரான்சிஸ்கோவின் ஏற்ற இறக்கமான தெருக்களில் ஒரு மஸ்டாங் காரும் ஒரு டாட்ஜ் சார்ஜர் காரும் பத்து நிமிடத்துக்கு மேல் ஒன்றையொன்று துரத்துகின்றன. அதில் எனக்கு மிகவும் பிடித்த இடம் வேகம் பிடிப்பதற்கு முன்னால் வருகிறது. வில்லனின் காரை ஓட்டுகிறவர், பில் ஹிக்மன் என்ற ஸ்டண்ட் ஓட்டுநர், நிதானமாக இடுப்பு பெல்ட்டை இழுத்து மாட்டுகிறார். ஒரு வசனம் கிடையாது. அதுவரை கேட்டுக்கொண்டிருந்த இசையும் கார்கள் சீறிய உடனே நின்றுவிடுகிறது. மிச்ச நேரம் முழுக்க இன்ஜின் சத்தமும் டயர் சத்தமும்தான். பெல்ட் மாட்டுகிற வில்லனைப் பார்த்ததுமே, இங்கே செத்துப்போக வாய்ப்பு இருக்கிறது என்று நமக்குப் புரிந்துவிடுகிறது.

கதாநாயகன் ஸ்டீவ் மெக்வீன் நன்றாகவே கார் ஓட்டுவார். ஆனாலும் மிக ஆபத்தான இடங்களில் பட் எகின்ஸ் போன்றவர்கள் அவருக்கு டூப் போட்டார்கள். யார் ஓட்டுகிறார்கள் என்று கண்டுபிடிக்க ஒரு வழி உண்டு. உள்ளே இருக்கும் பின்பார்வைக் கண்ணாடி கீழே சாய்ந்து, அதில் மெக்வீன் முகம் தெரிந்தால் அவர்தான் ஓட்டுகிறார். மேலே தூக்கியிருந்தால் டூப். ஓர் இடத்தில் மெக்வீன் திருப்பத்தைத் தவறவிட்டுத் தாண்டிப் போய்விடுவார். டயர் புகைய ரிவர்ஸ் எடுத்து வருவார். தவறிப்போன அந்த டேக்கை வெட்டி எறியாமல் படத்திலேயே வைத்துக்கொண்டார்கள். திருப்பத்தைத் தவறவிடக்கூடிய ஆள் என்று தெரிந்த பிறகு அடுத்த திருப்பத்தில் நாம் இருக்கையைப் பிடித்துக்கொள்கிறோம். நம் ஊர்க் கதாநாயகர்கள் ஒரு திருப்பத்தையாவது தவறவிட்டுப் பார்த்திருக்கிறீர்களா?

அமெரிக்காவைப் பற்றி இவ்வளவு போதும். நம் நாட்டுக்கு வருகிறேன்.

1992. ஸ்டான்லி டோங் இயக்கத்தில் ஜாக்கி சானின் 'போலீஸ் ஸ்டோரி 3', பிறகு 'சூப்பர்காப்' என்ற பெயரில் உலகமெங்கும் ஓடியது. அதன் கடைசிப் பகுதி மலேசியாவில் எடுக்கப்பட்டது. ஹெலிகாப்டரில் இருந்து தொங்கும் கயிற்று ஏணியைப் பிடித்தபடி ஜாக்கி சான் கோலாலம்பூருக்கு மேலே பறப்பார். இரட்டைக் கோபுரம் எழும்பாத காலத்துக் கோலாலம்பூர் அது. அந்தப் படத்தை இன்று போட்டுப் பார்க்கும் இளைஞர்கள், எங்கே கோபுரத்தைக் காணோம் என்று கேட்கிறார்கள்.

ஆனால் என் கண் ஜாக்கி சான் மேல் நிற்கவில்லை. ஈப்போவில் பிறந்த ஒரு பெண், மிச்சல் இயோ, அந்தப் படத்தில் மோட்டார் சைக்கிளை மேட்டில் ஏற்றிப் பறந்து, ஓடிக்கொண்டிருக்கும் ரயிலின் கூரையில் இறங்குகிறார். அந்தப் படத்துக்காகத்தான் அவர் மோட்டார் சைக்கிள் ஓட்டவே கற்றுக்கொண்டார். அதே படத்தில் இன்னொரு காட்சி. சாலையில் ஓடும் வேனின் பக்கவாட்டில் தொங்கிக்கொண்டிருக்கும் அவர் கைநழுவி, பின்னால் ஜாக்கி சான் ஓட்டிவரும் கூரையில்லாத காரின் பானெட் மேல் வந்து விழ வேண்டும். முதல் டேக்கில் பானெட்டில் விழுந்தார், பிடி கிடைக்கவில்லை. ஜாக்கி சான் ஒரு கையை நீட்டிப் பிடிக்கப் பார்க்கிறார். மிச்சல் இயோ சறுக்கிக்கொண்டே போய்ச் சாலையில் உருள்கிறார். படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது இதைக் காட்டுவார்கள். எழுந்து வந்து மறுபடி செய்தார். முப்பது ஆண்டு கழித்து, 2023 மார்ச்சில், சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் அவருக்குக் கிடைத்தபோது மலேசியாவே கொண்டாடியது. கொண்டாடியவர்களில் எத்தனை பேர் அந்த பானெட் காட்சியைப் பார்த்திருப்பார்கள் என்று தெரியாது. பார்க்காதவர்கள் இன்றிரவே பாருங்கள்.

அந்தக் காட்சியில் வண்டியின் வேகம் ஒன்றும் பிரமாதமில்லை. நம் நெடுஞ்சாலையில் பொருட்கள் ஏற்றிய லாரிகூட அதைவிட வேகமாகப் போகும். ஆனால் பானெட் தகரம் எவ்வளவு வழுக்கும் என்று நமக்குத் தெரியும், தார்ச்சாலை எவ்வளவு கடினம் என்றும் தெரியும். பயத்துக்கு அதற்கு மேல் என்ன வேண்டும்?

இன்னும் கொஞ்சம் வடக்கே போவோம். பினாங்கிலிருந்து வேன் பிடித்து ஹாட்யாய், கிராபி, புக்கெட் என்று சுற்றிவிட்டு வருகிறவர்கள் நிறைய பேர் பாங்-ஙா வளைகுடாவில் 'ஜேம்ஸ் பாண்ட் தீவு' முன்னால் நின்று படம் எடுத்திருப்பீர்கள். 1974இல் வந்த 'தி மேன் வித் த கோல்டன் கன்' படத்தால் அந்தப் பெயர் வந்தது. அதே படத்துக்காகத் தாய்லாந்தின் ஒரு கால்வாய்க்கு மேலே ஒரு காரியம் செய்தார்கள். இடிந்துபோன பாலம் போலத் தெரியும் இரண்டு சரிவு மேடைகள். ஒரு ஏஎம்சி ஹார்னெட் கார் ஒன்றில் ஏறி, ஆகாயத்தில் பக்கவாட்டில் ஒரு முழுச் சுற்றுச் சுற்றி, எதிர்க்கரையில் நான்கு சக்கரத்திலும் இறங்க வேண்டும்.

இதற்குக் கணக்குப் போட்டவர்கள் அமெரிக்காவில் ஓர் ஆய்வுக்கூடத்தில் கார் விபத்துகளைக் கம்ப்யூட்டரில் ஆராய்ந்துகொண்டிருந்த பொறியாளர்கள். காரின் எடை, ஓட்டுநரின் எடை, மேடையின் முறுக்கு, ஏறும் வேகம் எல்லாம் கணக்கில் வந்தன. எடை இருபக்கமும் சமமாக இருக்க வேண்டும் என்பதற்காக ஸ்டீயரிங்கைக் கழற்றிக் காரின் நடுவில் பொருத்தினார்கள். ஓட்டுநர் நடுவில் உட்கார்ந்தார், அவருக்கு இருபுறமும் கதாபாத்திரங்களின் உருவத்தில் பொம்மைகள். ஒரே டேக். அச்சுப் பிசகாமல் இறங்கியது. இங்கே கம்ப்யூட்டர் வந்தது நிஜக் காரைப் பத்திரமாக இறக்குவதற்குத் துணையாக. இன்று காரே இல்லாமல் வேலையை முடித்துவிடுகிறார்கள். அது வேறு கதை.

இவ்வளவும் செய்துவிட்டு, கார் சுழலும்போது பின்னணியில் வேடிக்கையாக ஒரு ஊதல் சத்தத்தைச் சேர்த்துவிட்டார்கள்! இசையமைப்பாளர் ஜான் பேரியே அதற்காகப் பிறகு வருத்தப்பட்டார். உயிரைப் பணயம் வைத்த ஒரு காரியம், ஓர் ஊதலால் கார்ட்டூன் ஆகிவிட்டது. எடிட்டிங் அறையில் உட்காரப் போகிற தம்பிகள் இதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

1998இல் வந்த 'ரோனின்' படத்தில் ஒரு தந்திரம் செய்தார்கள். நம்மைப் போல வலப்பக்கம் ஸ்டீயரிங் வைத்த காரில் பழகியவர்களுக்கு அது உடனே புரியும். கதை பிரான்சில் நடக்கிறது. அங்கே ஸ்டீயரிங் இடப்பக்கம். இயக்குநர் ஜான் ஃபிராங்கன்ஹைமர் சில காட்சிகளுக்கு வலப்பக்க ஸ்டீயரிங் உள்ள கார்களைத் தருவித்து, இடப்பக்கம் ஒரு பொம்மை ஸ்டீயரிங்கைப் பொருத்தினார். ராபர்ட் டி நீரோ பொம்மையைப் பிடித்துத் திருப்புவார். நிஜ ஸ்டீயரிங் பக்கத்து இருக்கையில் இருக்கும் ஸ்டண்ட் ஓட்டுநர் கையில். பாரிஸ் சுரங்கச் சாலையில் எதிர்த்திசையில் கார்கள் சீறி வரும்போது நடிகர்கள் முகத்தில் தெரிகிற கலவரத்தில் நடிப்பு பாதி, நிஜம் பாதி. நடிகரைச் சாக விடாமல், பயப்பட மட்டும் விடுகிற இந்த ஏற்பாட்டை நான் பெரிதும் மதிக்கிறேன்.

சரி, நம் தமிழ்ப் படங்கள்.

பழைய படங்களில் சேசிங் என்றால் கேமராவை மெதுவாக ஓட விடுவார்கள். நொடிக்கு 24 சட்டம் எடுக்க வேண்டிய இடத்தில் 18 எடுத்தால், தியேட்டரில் ஓட்டும்போது எல்லாம் வேகமாகத் தெரியும். அம்பாசிடர் கார் ஜெட் மாதிரி போகும். ஆனால் ஓரத்தில் சைக்கிளில் போகிற தாத்தாவும் ஜெட் மாதிரி போவார், அங்கே குட்டு வெளிப்பட்டுவிடும். வசதி இல்லாத காலம், குறை சொல்ல மனம் வரவில்லை. ஜூடோ ரத்னம் போன்ற மாஸ்டர்கள் அந்தக் காலத்திலேயே 'முரட்டுக்காளை'யில் ஓடும் ரயில் மேல் சண்டை அமைத்தார்கள். துணிச்சலுக்குப் பஞ்சம் இருந்ததில்லை.

2007இல் விஷ்ணுவர்தன் இயக்கிய 'பில்லா' பெரும்பகுதி மலேசியாவில் எடுக்கப்பட்டது. பத்துமலையில் ஒரு பாடல்கூட உண்டு. பளபளவென்று கார்கள் வரும், துரத்தல் வரும். ஆனால் அந்தப் படத்தில் அஜித் ஓட்டியதைவிட நடந்ததுதான் அதிகம் என்று கேலி செய்வார்கள். கேலியில் நியாயம் இருக்கிறது. கோட்டு, கருப்புக் கண்ணாடியோடு காரும் உடையலங்காரத்தில் சேர்ந்துவிட்டது. வேதனை என்னவென்றால், அந்த அஜித் நிஜமாகவே பந்தய ஓட்டுநர். 2003இல் ஃபார்முலா பிஎம்டபிள்யூ ஆசியா, 2010இல் ஃபார்முலா 2 என்று ஓட்டியவர். 2025 ஜனவரியில் துபாய் 24 மணி நேரப் பந்தயத்தில் அவருடைய அணி தன் பிரிவில் மூன்றாவதாக வந்தது. இப்படி ஒருவரைக் கையில் வைத்துக்கொண்டு தமிழ் சினிமா அவரை ஸ்லோமோஷனில் நடக்க வைத்தது!

2019இல் லோகேஷ் கனகராஜின் 'கைதி' வந்தபோது எனக்கு நம்பிக்கை வந்தது. இரவு முழுக்க ஒரு லாரி. சட்டென்று திரும்பாது, சட்டென்று நிற்காது. அந்த இயலாமையை வைத்தே பதற்றத்தைக் கட்டினார்கள். ஸ்போர்ட்ஸ் காரைவிட லாரி நல்ல நடிகர் என்று அன்று தெரிந்தது.

பிறகு 'விடாமுயற்சி'. மகிழ் திருமேனி இயக்கம், படப்பிடிப்பு அசர்பைஜானில். 2023 நவம்பரில் அங்கே ஒரு காட்சி எடுத்தார்கள். ஹம்மர் வண்டியை ஓட்டுவது அஜித், பக்கத்து இருக்கையில் கட்டிப்போட்ட நிலையில் நடிகர் ஆரவ். டூப் இல்லை. வேகமாகப் போன வண்டி கட்டுப்பாட்டை இழந்து, சாலையை விட்டு விலகிக் கவிழ்ந்தது. நல்ல வேளையாக இருவருக்கும் பெரிய காயம் இல்லை. 2024 ஏப்ரலில் தயாரிப்பு நிறுவனமே அந்த வீடியோவை வெளியிட்டது. வண்டிக்குள் பொருத்திய கேமராவில் பார்த்தால், ஸ்டீயரிங்கோடு மல்லுக்கட்டும் கைகள், பிறகு உலகமே சாய்கிறது. வெளியிலிருந்து பார்த்தால் ஒரு பெரிய வண்டி சோம்பலாகப் புரள்வது போலத் தெரிகிறது. ஆட்கள் கத்திக்கொண்டு ஓடுகிறார்கள்.

2025 பிப்ரவரியில் படம் வெளியானது. நான் சொல்வது சிலருக்குப் பிடிக்காமல் போகலாம். படத்தில் வந்த எந்தச் சேசிங்கையும்விட அந்தச் சின்ன வீடியோ என்னை உலுக்கியது. அதில் பின்னணி இசை இல்லை, வெட்டு இல்லை, எதிர்க்காற்றில் பறக்கும் முடி இல்லை. 'புல்லிட்' படக்குழு தெரிந்தே செய்த சிக்கனம் இங்கே விபத்தால் அமைந்துவிட்டது. நம் எடிட்டர்கள் ஒரு நொடிக்கு மூன்று ஷாட் வெட்டி, மேலே டிரம்ஸை ஏற்றி, நிஜமாக ஓட்டிய ஓட்டத்தையும் பொய்யாக்கிவிடுகிறார்கள். நிஜமாக ஓட்டினால் மட்டும் போதாது. ஓட்டியதைப் பார்க்க விட வேண்டும்.

இதுவரை கேட்டவர்கள், விபத்தை ரசிக்கச் சொல்கிறாரா இவர் என்று நினைத்திருக்கலாம். அந்தக் கேள்விக்கு நான் வந்துதான் ஆக வேண்டும்.

2025 ஜூலை 13. நாகப்பட்டினம் மாவட்டத்தில் பா. ரஞ்சித்தின் 'வேட்டுவம்' படப்பிடிப்பு. ஸ்டண்ட் கலைஞர் எஸ்.எம். ராஜு ஓட்டிய கார் சரிவு மேடையில் ஏறிப் பறந்து, புரண்டு விழுந்தது. அவர் உயிரோடு வெளியே வரவில்லை. பல ஆண்டுகள் பல படங்களில் இதே போன்ற காரியங்களைச் செய்தவர் அவர். அந்த வீடியோவும் கைபேசி கைபேசியாகப் போனது. அசர்பைஜான் வீடியோவைத் தள்ளிப் பார்த்த அதே விரலால்தான் இதையும் தள்ளிப் பார்த்தோம்.

காரை உருட்டுவது எப்படி என்று கொஞ்சம் சொல்கிறேன். ஒரு பக்கச் சக்கரங்களை மட்டும் சரிவு மேடையில் ஏற்றினால் கார் ஒருபக்கமாகத் தூக்கப்பட்டுப் புரளும். இது பழைய முறை. இன்னொன்று, காரின் அடியில் ஓர் உருளையைப் பொருத்தி, அழுத்தி அடைத்த நைட்ரஜன் வாயுவால் ஓர் உலோகத் தண்டைத் தரையில் மோத வைப்பது. அந்த உதையில் கார் உருளும். 2006இல் 'கசினோ ராயல்' படத்தில் ஆஸ்டன் மார்ட்டின் கார் ஏழு முறை உருண்டது இப்படித்தான், உள்ளே இருந்தவர் ஸ்டண்ட் ஓட்டுநர் ஆடம் கிர்லி. 2024இல் வந்த 'தி ஃபால் கை' படத்துக்காக லோகன் ஹாலடே எட்டரை முறை உருட்டினார். இருவரும் தங்கள் காலிலேயே இறங்கி நடந்தார்கள். காருக்குள் இரும்புக் குழாய்க் கூண்டு, உடம்பை இருக்கையோடு இறுக்கிக் கட்டும் பட்டைகள், டாங்கில் கொஞ்சமே கொஞ்சம் பெட்ரோல், தரை எப்படி என்று முன்கூட்டிப் பார்த்த சோதனை ஓட்டங்கள். இவ்வளவுக்கும் பணமும் நாளும் வேண்டும். இவற்றில் எதைக் குறைத்தாலும் அந்தக் குறை ஓட்டுநரின் கழுத்தில் போய் நிற்கும்.

திரைக்காக உயிரைக் கொடுக்கத் தயாராக இருப்பவர்களை உலகம் ரொம்பத் தாமதமாகத்தான் பார்த்தது. இந்திய தேசிய விருதுகளில் சண்டை அமைப்புக்கு என்று விருது 2017இல்தான் வந்தது, 'புலிமுருகன்' படத்துக்காகப் பீட்டர் ஹெய்ன் பெற்றார். ஆஸ்கரில் 2027இல் வெளியாகும் படங்களிலிருந்துதான் ஸ்டண்ட் வடிவமைப்புக்கு விருது. சினிமா பிறந்து நூறு ஆண்டு தாண்டி!

இனி நம் ஊர். இந்தத் தீவில் ஒரு சேசிங் எடுப்பதாக வைத்துக்கொள்வோம். ஜார்ஜ் டவுனில் யாரும் பறக்க முடியாது. லெபோ சூலியாவில் இரு பக்கமும் வண்டிகள் நிற்கும், நடுவில் சைக்கிள் ரிக்ஷா போகும், ஐந்தடி நடைபாதையிலிருந்து யாராவது சட்டென்று இறங்குவார்கள். பாதித் தெருக்கள் ஒருவழி. இங்கே துரத்தல் முப்பது கிலோமீட்டர் வேகத்தில்தான் நடக்கும். அதுவே சுவாரசியம் என்கிறேன். பக்கக் கண்ணாடி உரசாமல் ஒரு மைவி காரை சந்துக்குள் திருப்புவது, இங்கே வாழ்கிற ஒவ்வொருவருக்கும் தெரிந்த நெஞ்சிடி. தஞ்சோங் பூங்கா தாண்டி பத்து ஃபெரிங்கி வரைக்கும் ஒரு பக்கம் மலை, ஒரு பக்கம் கடல், வளைவுக்கு அப்பால் என்ன வருகிறது என்று தெரியாது. பாலத்துக்குப் போனால் நிலைமை தலைகீழ். 1985இல் திறந்த முதல் பாலம் 13.5 கிலோமீட்டர். ஏறிவிட்டால் வழியில் இறங்க முடியாது. பிறையிலிருந்து தீவுக்கு வரும்போது மட்டும் டோல், போகும்போது கிடையாது. ஒரு திரைக்கதைக்காரருக்கு இந்த ஒரு விவரமே போதும். தப்பி ஓடுகிறவன் எந்தத் திசையில் ஓடினால் நிற்க வேண்டியிருக்கும் என்பது அதில் இருக்கிறது.

மலாய் சினிமா இந்தச் சாலைக் கலாசாரத்தை முன்பே தொட்டுவிட்டது. 2006இல் 'ரெம்ப்-இட்', 2008இல் 'இவோலுசி கேஎல் டிரிஃப்ட்' என்று வந்தன. அவற்றைப் பார்த்துவிட்டு மோட்டாரில் படுத்துக்கொண்டு ஓட்டிய பையன்களும் உண்டு. அதனால் இந்த அரங்கில் கேமராவோடு அலையும் தம்பி தங்கைகளிடம் ஒன்றை அழுத்தமாகச் சொல்கிறேன். நள்ளிரவில் பாலத்தில் கூட்டாளியை வேகமாக ஓட்டச் சொல்லி, பின்னால் காரில் இருந்து கைபேசியில் எடுக்காதீர்கள். எதிரே வருகிறவர் உங்கள் படத்தில் நடிக்க ஒப்புக்கொண்டவர் இல்லை. தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகமான ஃபினாஸின் அனுமதி எடுங்கள். காவல்துறையிடமும் நகராண்மையிடமும் பேசி, தெருவை மூடச் சொல்லிக் கேளுங்கள். கிடைக்காவிட்டால், சொந்தக்காரரிடம் அனுமதி வாங்கிய காலி மைதானத்தில் குறைந்த வேகத்தில் எடுங்கள். கேமராவைத் தாழ்வாக வையுங்கள், சக்கரம் மண்ணை அள்ளுவது தெரியட்டும், டயர் சத்தத்தைத் தனியாகப் பதிவு செய்யுங்கள். முன்னனுபவம் உள்ள ஸ்டண்ட் ஆள் ஒருவர் இல்லாமல் சாவியைத் திருகவே திருகாதீர்கள். அவர் முடியாது என்று சொன்னால், அந்தக் காட்சி வேண்டாம்.

எடுத்த பிறகு, வண்டியை ஓட்டியவரின் பெயரைக் கடைசியில் பொடி எழுத்தில் ஓட விடாமல், நடிகர் பெயருக்குப் பக்கத்தில், முதல் அட்டையிலேயே போடுங்கள். ஆஸ்கர்காரர்கள் 2027 வரை காத்திருக்கிறார்கள். நீங்கள் அடுத்த குறும்படத்திலேயே தொடங்கலாம்.